சாவா மூவா ஆடுகளும் சாகும் கிணறுகளும்

கேமரன் மலையின் வடக்கே, திரிங்காப்பைத் தாண்டிக் கம்போங் ராஜாவுக்குப் போகும் பாதையில் இருக்கிறது கோலா தெர்லா. ஆறு போய்ச் சேரும் இடத்தை மலாய்க்காரர்கள் கோலா என்பார்கள். இங்கே தெர்லாவின் தண்ணீர் தெலோம் ஆற்றைச் சேர்கிறது. சுற்றிலும் காய்கறித் தோட்டங்கள், தேயிலைச் சரிவுகள். தேயிலைச் செடியை அதன் போக்கில் விட்டால் மரமாகிவிடும். இடுப்பளவில் நிறுத்தி, நாள் கணக்கு வைத்துக் கொழுந்து எடுத்து, மூன்று நான்கு ஆண்டுக்கு ஒருமுறை கவ்வாத்து வெட்டினால் ஒரு மனிதரின் ஆயுளைத் தாண்டியும் தந்துகொண்டே இருக்கும். 1929-ல் ஜே. ஏ. ரஸ்ஸல் தொடங்கிய போ தோட்டத்தின் பழைய செடிகளில் இன்றும் கொழுந்து எடுக்கிறார்கள். அந்தத் தலைமுறையில் மலையேறி வந்த தமிழர்களின் பேரப்பிள்ளைகளில் பலர் மலையை விட்டு இறங்கிவிட்டார்கள். இதே மலையிலிருந்து கிழக்கே தீபகற்பத்தைக் கடந்து, திரெங்கானு கரையிலிருந்து ஏறத்தாழ 200 கிலோமீட்டர் கடலுக்குள் தாப்பிஸ் என்ற எண்ணெய் வயல் இருக்கிறது. 1969-ல் எஸ்ஸோ நிறுவனம் அதைக் கண்டறிந்தது. 1978-ல் எண்ணெய் வரத் தொடங்கியது. வயல் என்கிறோம், ஆண்டு உற்பத்தி என்கிறோம், இவ்வளவு பீப்பாய் விளைந்தது என்பதுபோலச் செய்தி வாசிக்கிறோம். ஆனால் அந்த வயலில் விதைத்தவர் யாருமில்லை. அங்கே ஒரு பீப்பாய் எடுத்தால் ஒரு பீப்பாய் குறையும். கவ்வாத்து வெட்டித் துளிர்க்க வைக்க முடியாது. யாரும் உண்டாக்காத, திரும்ப வராத ஒரு பொருளை எடுத்துச் செலவழிக்க ஒரு தலைமுறைக்கு என்ன உரிமை இருக்கிறது? பொருளியல் நூல்கள் இதைக் கணக்கு என்று எடுத்துக்கொள்கின்றன. எனக்கு இது முதலில் அறக் கேள்வியாகவும், இன்னும் சற்றுத் தோண்டினால் சமயக் கேள்வியாகவும் தெரிகிறது.

எண்ணெய் எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் தேயிலைக்கும் அதற்கும் தூரம் அதிகமில்லை. மலாய்ப் படுகை என்று நிலவியலார் அழைக்கும் அந்தக் கடலடிப் பள்ளத்தில் பல கிலோமீட்டர் தடிமனுக்கு வண்டல் படிந்திருக்கிறது. இரண்டு மூன்று கோடி ஆண்டுகளுக்கு முன் அங்கே ஏரிகளும் ஆற்று முகத்துவாரங்களும் இருந்தன. ஏரிப் பாசியும் கரையோரச் செடிகளின் இலைதழையும் சேற்றோடு அமிழ்ந்து, மேலே மேலே படிந்த மண்ணின் பாரத்திலும் பூமியின் சூட்டிலும் வெந்து எண்ணெயாயின. தெலோம் ஆறு ஜெலாயில் கலந்து, பஹாங் ஆறாகி, பெக்கான் அருகே அதே தென்சீனக் கடலில்தான் போய் விழுகிறது. அந்த மேல்மலைத் தண்ணீரில் ஒரு பகுதியைக் கேமரன் மலை மின்திட்டம் சுரங்கம் வெட்டி மேற்கே திருப்பிவிட்டது என்பது வேறு கதை. மலையில் பெய்த மழை இலையையும் மண்ணையும் கடலுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்த ஒரு நீண்ட வேலையின் மிச்சம்தான் எண்ணெய். அந்த வேலையில் மனிதக் கை படவில்லை. மனிதர் என்ற இனமே அப்போது இல்லை.

மனிதக் கை பட்ட இடம் பிற்பகுதி மட்டும். அதுவும் லேசான வேலையல்ல. கப்பலிலிருந்து ஒலியலையைக் கடலடிக்கு அனுப்பி, எதிரொலியைக் கொண்டு பாறையடுக்கின் உருவத்தை ஊகிக்கிறார்கள். ஊகம் சரியா என்று பார்க்க ஒரு கிணறு தோண்டுகிறார்கள். பெரும்பாலும் அது வறண்டதாகவே இருக்கும். எண்ணெய் தட்டுப்பட்டால் இன்னும் சில கிணறுகள் தோண்டி வயலின் எல்லையை அளக்கிறார்கள். பிறகு எஃகுக் கால்களைக் கடலடியில் அறைந்து நிறுத்தி, அதன்மேல் ஒரு சிற்றூரையே தூக்கிவைக்கிறார்கள். ஒரு மேடையிலிருந்தே பல திசைகளில் சாய்வாகத் துளைபோட்டு, பூமியின் அழுத்தமே எண்ணெயை மேலே தள்ளும் வரை எடுக்கிறார்கள். அழுத்தம் குறைந்தபின் நீரையும் வாயுவையும் உள்ளே செலுத்தித் தள்ளுகிறார்கள். தாப்பிஸில் 2014-ல் தொடங்கிய திட்டம் அப்படிப்பட்டது: நீரும் வாயுவும் மாறிமாறிச் செலுத்தி, பாறைத் துளைகளில் ஒட்டிக்கொண்டிருப்பதைப் பிழிவது. எவ்வளவு பிழிந்தாலும் கணிசமான பங்கு பாறையிலேயே தங்கிவிடும். இப்படி வாரக்கணக்கில் கரையைப் பார்க்காமல், நாளுக்குப் பன்னிரண்டு மணி நேரம் வேலை செய்பவர்களின் உழைப்பும் துணிச்சலும் எளிதில் ஒதுக்கிவிடக் கூடியவை அல்ல. 2005 ஜூலை 27 அன்று மும்பை ஹை வடக்கு மேடையில் ஒரு துணைக்கப்பல் மோதி, எரிவாயு கசிந்து தீப்பிடித்தபோது 22 பேர் இறந்தார்கள்.

இந்த இரண்டு பகுதிகளையும், அதாவது யாரும் செய்யாததையும் மனிதர் செய்ததையும், பிரித்துப் பார்க்க நம்மிடம் ஒரு பழைய அளவுகோல் இருக்கிறது. இறைமாட்சி அதிகாரத்தில் வள்ளுவர் அரசுக்கு நான்கு வேலை வைக்கிறார்: பொருள் வரும் வழியை உண்டாக்குவது, வந்ததை ஈட்டிச் சேர்ப்பது, சேர்த்ததைக் காப்பது, காத்ததை வகுத்துக் கொடுப்பது. முதல் வேலை என்றால் வேளாண்மையும் வாணிகமும் நம் நினைவுக்கு வரும். எண்ணெய் அரசுகளில் அந்த முதல் வேலை மொட்டையாக நிற்கிறது. வழி ஏற்கெனவே பூமிக்குள் இருந்தது. அரசு இரண்டாவது வேலையிலிருந்துதான் தொடங்குகிறது. தான் இயற்றாததை ஈட்டுகிற அரசுக்கு, தான் இயற்றியதை ஈட்டும் அரசுக்கு இருக்கும் உரிமை முழுவதும் இருக்க முடியாது என்பது என் வாதம். உழவனிடம் வரி வாங்கும் அரசன் அடுத்த ஆண்டும் உழவன் விதைக்க வேண்டும் என்ற கவலையாலாவது கட்டுப்பட்டிருந்தான். கடலடிக் கிணற்றுக்கு அந்தக் கவலையும் கிடையாது.

மலேசியச் சட்டம் இந்த இடத்தில் என்ன சொல்கிறது என்பது கவனிக்கத்தக்கது. 1974-ன் பெட்ரோலிய மேம்பாட்டுச் சட்டம், நாட்டின் கரையிலும் கடலிலும் உள்ள பெட்ரோலியம் முழுவதன் உடைமையையும் தேசிய எண்ணெய் நிறுவனமான பெட்ரோனாஸிடம் என்றென்றைக்குமாக ஒப்படைத்தது. அந்த நிறுவனத்தைப் பிரதமரின் கட்டுப்பாட்டில் வைத்தது. 1976-ல் எஸ்ஸோ, ஷெல் நிறுவனங்களோடு உற்பத்திப் பங்கீட்டு ஒப்பந்தங்கள் கையெழுத்தாயின: செலவு கழித்து மிஞ்சுவதில் பங்கு, மாநிலத்துக்கு 5 விழுக்காடு, கூட்டரசுக்கு 5 விழுக்காடு என உரிமப் பணம். இதில் மாநிலங்களோடு ஏற்பட்ட பூசல் தெரிந்த கதை. 1999 தேர்தலில் திரெங்கானு எதிர்க்கட்சியின் கைக்குப் போனது. அடுத்த ஆண்டே உரிமப் பணம் நின்றது. அதற்குப் பதில் வந்த தொகைக்கு 'வாங் எஹ்சான்' என்று பெயர், கருணைப் பணம். உரிமையாக இருந்தது ஒரு கையெழுத்தில் கருணையானது. இந்தப் பூசல் முழுவதும் 'யாருடைய எண்ணெய்' என்ற கேள்வியைச் சுற்றியே நடக்கிறது: கோலாலம்பூருடையதா, கோலா திரெங்கானுவுடையதா? எப்படிப் பதில் சொன்னாலும் இன்று உயிரோடிருக்கும் ஒருவரின் கைக்கே அது போகும். கேள்வியே தவறான இடத்தில் நிற்கிறது என்று நினைக்கிறேன்.

சரியான இடத்தைக் காட்ட ஒரு சோழர் வழக்கத்துக்குப் போக வேண்டும். கோயிலில் அணையாமல் எரியும் விளக்குக்குத் திருநந்தா விளக்கு என்று பெயர். அதற்கு நாள்தோறும் ஓர் உழக்கு நெய் வேண்டும். இன்றைக்கு என்றால் ஒரு தொகையை உண்டியலில் போட்டுவிட்டு வந்திருப்போம். அவர்கள் ஆடு கொடுத்தார்கள். தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் காலக் கணக்குப்படி ஒரு விளக்குக்கு 96 ஆடு. பசுவானால் 48, எருமையானால் 16. ஆடுகளை இடையர்களிடம் ஒப்படைப்பார்கள். அவர்கள் ஆடவல்லான் என்ற அளவுக் கருவியால் அளந்து நாள்தோறும் நெய் கொண்டுவந்து ஊற்ற வேண்டும். ஆடு கிழடாகும், சாகும், குட்டி போடும். அது இடையரின் பாடு. கணக்கில் 96 எப்போதும் 96-தான். அதனால் கல்வெட்டுகள் இப்படிக் கொடுத்த ஆடுகளைச் சாவா மூவாப் பேராடு என்கின்றன: சாகாத, மூப்படையாத ஆடு. சந்திரன் சூரியன் உள்ளவரை விளக்கு எரிய வேண்டும் என்பதற்குச் சந்திராதித்தவல் என்று ஒரு சொல். ஒரு விலங்கைச் சாகாததாக்கும் மந்திரம் எதுவும் அவர்களிடம் இல்லை. கணக்கெழுதும் முறைதான் அந்த மந்திரம். முதலைத் தொடாதே, பயனை மட்டும் எடு, குறைந்தால் நிரப்பு. விளக்கின் ஒளி உனக்கும் உண்டு, உன் பேரனுக்கும் அதே அளவு உண்டு.

இதைச் சோழப் பெருமையாகச் சொல்லவில்லை. ராஜராஜன் கோயிலுக்குக் கொடுத்த பொன்னில் சேரரையும் பாண்டியரையும் வென்று கொண்டுவந்ததும் உண்டு. அதே கோயில் சுவரில் அவன் மகன் ராஜேந்திரன் 1025 வாக்கில் கடல்கடந்து கடாரத்தைக் கொள்ளையிட்டதும் பெருமையாக வெட்டப்பட்டிருக்கிறது. கடாரம் இன்றைய கெடா. மலேசியத் தமிழர் அந்தச் சுவரைப் படிக்கும்போது இரண்டு பக்கத்திலும் நிற்க வேண்டியிருக்கிறது. முதல் எங்கிருந்து வந்தது என்பதில் அந்த அரசர்கள் கூச்சப்படவில்லை. ஆனால் வந்த முதலைத் தின்றுவிடக் கூடாது என்பதில் தெளிவாக இருந்தார்கள். மலேசியாவில் இந்த எண்ணம் தமிழருக்கு மட்டும் உரியதும் அல்ல. இஸ்லாமிய வக்ஃபின் இலக்கணமும் இதுவே: முதல் கட்டுண்டு நிற்கும், பயன் மட்டும் பொதுவுக்குப் போகும்; கொடுத்தவரே கேட்டாலும் முதல் திரும்பாது. கடலடி எண்ணெயை உடைமை என்று பார்க்காமல் இப்படிப்பட்ட அறக்கொடை என்று பார்த்தால் கேள்வி மாறிவிடுகிறது. யாருடைய எண்ணெய் என்பது போய், 96 இன்னும் 96-ஆக இருக்கிறதா என்பது வருகிறது.

எண்ணெய் குட்டி போடாது. ஆகவே ஒப்புமை பொருந்தாது என்பார்கள். அப்படியே அல்ல. ஆட்டையே விற்று நெய் வாங்கும் நிலை வந்தால் விற்ற பணத்தில் வேறு ஆடு வாங்கிவிட வேண்டும், அவ்வளவுதான். பொருளியலாளர் ஜான் ஹார்ட்விக் 1977-ல் கணிதமாகச் சொன்னதும் ஏறக்குறைய இதுவே: தீர்ந்துபோகும் வளத்திலிருந்து வரும் மிகைவருவாய் முழுவதையும் தீராத முதலாக மாற்றினால் நுகர்வு தலைமுறைதோறும் குறையாமல் நிற்கும். பள்ளி, அறிவு, பாலம், காடு, நிதி எதுவாக வேண்டுமானாலும் இருக்கட்டும்; எடுத்த அளவுக்கு ஏதோ ஓர் ஆடு பட்டிக்குள் வந்திருக்க வேண்டும். இந்தக் கணக்கை மலேசியா அறியாமலில்லை. 1980-ல் எடுக்கும் வேகத்தைக் கட்டுப்படுத்த ஒரு தேசியக் கொள்கை வந்தது. 1988-ல் தேசிய அறநிதி ஒன்று சட்டத்தால் அமைந்தது. தீர்ந்துபோகும் வளத்துக்கு ஈடாக வருங்காலத்துக்குச் சேர்ப்பதுதான் அதன் நோக்கம். பெட்ரோனாஸ் கொடுப்பதே அதன் முதன்மை வரவு. நார்வே தன் எண்ணெய் நிதிக்குச் சட்டம் செய்தது இரண்டு ஆண்டு கழித்து, 1990-ல். வியப்பு என்னவென்றால் நார்வேயின் எக்கோஃபிஸ்க் வயலும் தாப்பிஸைப் போல 1969-ல் கண்டறியப்பட்டதுதான். 2019-ல் நார்வேயின் நிதி 10 லட்சம் கோடி குரோனரைத் தாண்டியது. அதே 2019-ல் பெட்ரோனாஸ் அரசுக்குக் கொடுத்த ஈவு 54 பில்லியன் வெள்ளி (ரிங்கிட்). அதில் 30 பில்லியன் சிறப்பு ஈவு. அது மக்களுக்கும் நிறுவனங்களுக்கும் திருப்பித் தர வேண்டியிருந்த வரியை அடைக்கப் போனது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் சேர்த்த மலேசிய அறநிதியோ 20 பில்லியன் வெள்ளிக்குள்தான் இருந்தது. ஓர் ஆண்டின் ஈவில் பாதியைக்கூட ஒரு தலைமுறையின் சேமிப்பு எட்டவில்லை. நார்வேயில் ஆள் குறைவு, எண்ணெய் மிகுதி என்பது உண்மை. இரண்டையும் ஒரே தராசில் வைப்பது நியாயமில்லை. தராசை விட்டுவிடலாம். தன் சொந்தச் சட்டத்தில் எழுதியதோடு மட்டும் மலேசியாவை ஒப்பிட்டாலும் பட்டியில் ஆடு குறைவு.

முதல் மறுப்பு பொறியாளர்களிடமிருந்து வரும். பாறைக்குள் கிடந்தபோது அது ஒரு காசு பெறாது. தேடியதும் பணயம் வைத்ததும் தோண்டியதும் நாங்கள். உண்டாக்கியவர்கள் நாங்களே என்பார்கள். இதில் பாதி ஒப்புக்கொள்ள வேண்டியது. உழைப்புக்குக் கூலியும் துணிச்சலுக்கு லாபமும் நியாயம். ஒப்பந்தத்தில் செலவுப் பங்கும் லாபப் பங்கும் அதற்காகத்தான் இருக்கின்றன. ஆனால் தாப்பிஸ் எண்ணெய் மெல்லியது, அதில் கந்தகம் மிகக் குறைவு. அதனால் உலகச் சந்தையில் நல்ல விலை கிடைத்தது. கந்தகத்தைக் குறைத்தது எந்தப் பொறியாளரும் இல்லை. 1973-ல் மேற்காசியப் போருக்குப் பின் விலை பல மடங்கு ஏறியதற்கும் எந்தத் துரப்பணக்காரரும் காரணமில்லை. கூலியும் லாபமும் போக மிஞ்சுவது பெரிது. அது எவரும் இயற்றாதது. இடையர் முறையும் இப்படித்தான். அவர்கள் கூலியில்லாமல் மேய்க்கவில்லை. உழக்கு நெய் அளந்தபின் மிஞ்சிய பாலும் பெருகிய குட்டியும் அவர்களுடையதே. ஆனால் மேய்த்ததால் மந்தை தன்னுடையது என்று எந்த இடையரும் சொன்னதில்லை.

இரண்டாவது மறுப்பு கனமானது. இன்றைய ஏழை பசியோடிருக்கும்போது நாளைய மனிதனுக்குச் சேர்த்துவைப்பது அறமா? கேமரன் மலையில் இன்று கொழுந்து எடுப்பவர்களிலும் காய்கறி வெட்டுபவர்களிலும் பெரும்பாலோர் வங்காளதேசத்திலிருந்தும் நேப்பாளத்திலிருந்தும் இந்தோனேசியாவிலிருந்தும் வந்தவர்கள். அவர்களுக்கு முன் அந்த வேலையைச் செய்த தமிழர்கள் எண்ணெய்ச் செல்வத்தின் நடுவே எத்தனை பத்தாண்டுகள் நாட்கூலியில் இருந்தார்கள் என்பது யாருக்கும் தெரியாததல்ல. அந்தக் குடும்பங்களிடம் போய் உங்கள் பங்கை வருங்காலத்துக்கு வைக்கிறோம் என்று சொல்ல யாருக்கு வாய் வரும்? எனக்கு வராது. ஆனால் மறுப்பு தான் நினைப்பதைவிடக் குறைவாகவே நிரூபிக்கிறது. பசித்தவனுக்கு உணவும் பிள்ளைக்குப் பள்ளியும் கொடுப்பதும் ஆடு வாங்குவதுதான். படித்த பிள்ளை குட்டி போடும் முதல். எண்ணெய்ப் பணம் உண்மையில் அங்கே போனதா என்பதே கேள்வி. கணிசமான பங்கு போனது எரிபொருள் மானியத்துக்கு. 2024 ஜூன் 10 வரை தீபகற்பத்தில் டீசல் லிட்டர் 2.15 வெள்ளி, பொது மானியம் நின்ற அன்று 3.35. அதுவரை மலையிலிருந்து கோஸ் ஏற்றிப் போன லாரியும் அந்த விலையில் பயன்பெற்றது, ஐந்து கார் வைத்திருந்த வீட்டுக்காரரும் மானிய எரிபொருளில் பயன்பெற்றார். வண்டியே இல்லாத கொழுந்துக்காரிக்கு அதில் நேராகக் கிடைத்தது மிகச் சொற்பம். எண்ணெயை எரிக்க எண்ணெய்ப் பணத்தைக் கொடுப்பது ஆட்டை அடித்து ஆட்டுக்கே விருந்து வைப்பது. ஏழையின் பெயரைச் சொல்லி முதலைத் தின்பவர்கள் பெரும்பாலும் ஏழைகள் அல்லர்.

உண்மையான பஞ்சத்தில் விதைநெல்லைத் தொடலாமா என்பது வேறு. தொடலாம் என்றே ஆபத்துக்கால அறம் சொல்லும். 2021 ஏப்ரலில், நாடாளுமன்றம் கூடாத அவசரநிலைக் காலத்தில், ஓர் அவசரச் சட்டத்தின் வழியே அறநிதிச் சட்டம் திருத்தப்பட்டு, கொரோனா தடுப்பூசி வாங்க அதிலிருந்து பணம் எடுக்க வழி செய்யப்பட்டது. 5 பில்லியன் வெள்ளி. எதிர்ப்புக் குரல்கள் எழுந்தன. தடுப்பூசியைவிடத் தகுந்த காரணத்தை நினைப்பது கடினம். உயிர் போனபின் முதல் எதற்கு? நான் நெருடலாகப் பார்ப்பது நோக்கத்தை அல்ல. விதைநெல்லைத் தொடுமுன் ஊர் கூடிப் பேச வேண்டும். அன்று ஊர் கூடும் மன்றம் பூட்டியிருந்தது. அதைவிடவும், நல்ல ஆண்டுகளில் பட்டி நிறைந்திருந்தால் கெட்ட ஆண்டில் இந்த இக்கட்டே வந்திராது.

மெய்யியல் வகுப்பறையிலிருந்து இன்னொரு மறுப்பு வரும்: பிறக்காதவனுக்கு உரிமை ஏது? டெரிக் பார்ஃபிட் 1984-ல் இதை இன்னும் கூராக்கினார். நாம் இன்று செய்யும் தேர்வே நாளை யார் பிறப்பார்கள் என்பதை மாற்றிவிடும். எண்ணெயைத் தின்று தீர்த்த உலகில் பிறக்கும் பிள்ளை, தின்னாத உலகில் பிறந்தே இருக்காது. அப்படியானால் அதற்கு நாம் என்ன தீங்கு செய்தோம்? மேற்கத்திய உரிமைப் பேச்சு இந்த முடிச்சில் வெகுகாலமாகத் திணறுகிறது. நம் மரபுக்கு இந்தச் சங்கடம் சற்றுக் குறைவு. கோயில் சொத்தின் உடைமையாளர் யார்? கடவுள். அவர் பேசமாட்டார், கையெழுத்துப் போடமாட்டார், நீதிமன்றத்துக்கு நடந்து வரமாட்டார். ஆனாலும் 1925-ல் ப்ரமத நாத் முல்லிக் வழக்கில் பிரிவி கவுன்சில் தெய்வத் திருமேனியைச் சட்டத்தின் கண்ணில் ஓர் ஆளாக ஏற்றது. அதன் விருப்பத்தைப் பொறுப்பாளர் வழியே கேட்க வேண்டும் என்றது. என்றும் வயதுக்கு வராத பிள்ளையைப் போல் தெய்வத்தைக் கருதி, அதன் சொத்தை அறங்காவலர் விற்கவும் கரைக்கவும் தடைபோடும் மரபு இந்திய நீதிமன்றங்களில் வேரூன்றியது. சிவன் சொத்து குல நாசம் என்று ஊர் சொன்னதைச் சட்டம் தன் மொழியில் சொன்னது. குரலில்லாத ஒன்றுக்கு உரிமையாளர் தகுதி கொடுக்க நமக்குத் தெரியும் என்றால், குரலில்லாத தலைமுறைக்குக் கொடுப்பதில் என்ன கூச்சம்? பார்ஃபிட்டுக்கும் விடை அங்கேயே இருக்கிறது. நந்தா விளக்கு எந்தப் பக்தருக்கென்றும் பெயர் எழுதி ஏற்றப்படவில்லை. நாளை யார் வந்து கும்பிடுவார் என்று கொடையாளிக்குத் தெரியாது, தெரியவேண்டியதும் இல்லை. கடமை விளக்குக்கு. அது எரிந்தால் வந்தவர் எவரானாலும் பார்ப்பார். வருவோரின் அடையாளம் மாறுவதால் நெய் ஊற்றும் கடமை மாறுவதில்லை.

நடைமுறைக்காரர் ஒருவர் இங்கே குறுக்கிடுவார்: அறங்காவலர் திருடமாட்டார் என்று யார் சொன்னது? தமிழ்நாட்டில் கோயில் நிலங்கள் போன கதை தெரியாதா? அந்த 96 ஆடுகள் இன்று எங்கே? நியாயமான அடி. ஆடுகள் இல்லை, அரசுகள் மாறின, இடையர் கலைந்தார்கள், சந்திராதித்தவல் என்ற வாக்குச் சந்திரனுக்கு முன்பே முடிந்தது. ஆனாலும் அந்த முறையின் வலிமை எங்கே இருந்தது என்பதைக் கவனிக்கலாம். யார் கொடுத்தது, எத்தனை ஆடு, எந்த இடையர் கையில், நாளுக்கு எவ்வளவு நெய் என்பதெல்லாம் ஊர் நடமாடும் சுவரில் வெட்டப்பட்டது. திருடினவனைக்கூட இன்று நாம் கேள்வி கேட்க முடிகிறதென்றால் கல் பேசுவதால். பிரதமருக்கு மட்டும் பதில் சொல்லக் கடமைப்பட்ட ஒரு நிறுவனத்தின் கணக்கு அப்படிப்பட்ட சுவரில் இல்லை. இன்னொன்றும் இருக்கிறது. 'என்றென்றைக்கும்' என்ற சொல் சோழர் கல்வெட்டில் விளக்குக்கு வருகிறது. 1974 சட்டத்தில் உடைமையாளருக்கு வருகிறது. தீர்ந்துபோகும் பொருளுக்குத் தீராத உடைமையாளரை நியமித்தோம். தீராத பயனை நியமிக்க மறந்தோம். நௌரு தீவு பாஸ்பேட்டைத் தோண்டி விற்ற பணத்தில் ஓர் அறநிதி வைத்தும், அதை லண்டனில் ஓர் இசை நாடகத்துக்கு முதலீடாகப் போடும் அளவுக்குக் கைவிட்டதையும் பார்த்திருக்கிறோம். அறநிதி என்ற பெயர் மட்டும் யாரையும் காப்பாற்றாது.

கடைசி மறுப்புக்கு என்னிடம் முழு விடை இல்லை. அதனாலேயே அதை ஒளிக்கவும் விரும்பவில்லை. உழக்கு நெய் எரிந்த புகை கருவறைச் சுவரில் தங்கியது. எண்ணெய் எரிந்த புகை அந்தரத்தில் தங்கி வருங்காலத்தையே சுடுகிறது. அப்படியானால் நிதியில் எத்தனை ஆடு சேர்த்தாலும் என்ன, மேய்ச்சல் நிலத்தைக் கொளுத்திவிட்டு ஆட்டை வைத்திருப்பது அல்லவா? நார்வேயின் நிதியையும் இந்தக் கேள்வி விடாது. தேயிலையையும் விடாது: தொடக்கத்தில் செடியையும் கிணற்றையும் எதிரெதிரே நிறுத்தினேன், ஆனால் தேயிலைக்கு இடும் தழைச்சத்து யூரியா இயற்கை வாயுவிலிருந்து வருகிறது, சரவாக்கின் பிந்துலுவில் 1985 முதலே யூரியாத் தொழிற்சாலை ஒன்று ஓடுகிறது. மலையின் தீராத் தன்மையில் ஒரு பங்கு கடலடியிலிருந்து கடன் வாங்கியது. காய்கறித் தோட்டங்களின் மேல் விரிந்திருக்கும் பிளாஸ்டிக் கூரைக்கும் மூலம் பெட்ரோலியம்தான். ஆகவே நாளையே கிணறுகளை மூடு என்று இந்த மலையில் நின்று சொல்வது எளிது, நேர்மையில்லை. ஆனால் அறக்கொடை என்ற பார்வை இங்கேயும் ஒன்றைக் கேட்க வைக்கிறது. அறங்காவலருக்கு விற்காமலிருக்கும் உரிமையும் உண்டு. புதிய வயல் ஒன்றைத் திறக்குமுன், அதிலிருந்து வரும் ஆடுகளிலிருந்து அதன் புகை கொல்லப்போகும் ஆடுகளைக் கழித்துப் பார்க்க வேண்டும். கழித்தபின் மிச்சமில்லையென்றால் எண்ணெய் பாறையிலேயே இருப்பதுதான் முதலைக் காப்பது. 2023 ஆகஸ்டில் ஈக்வடார் மக்கள் யசுனிக் காட்டின் ஒரு வயலை மூட வாக்களித்தார்கள். பணக்கார நாடு அல்ல அது. அவர்கள் கணக்கு சரியா என்று வாதிடலாம். கணக்கு ஊரார் முன்னிலையில் நடந்தது.

ஒரு வயலின் முடிவு பெரும்பாலும் யாரும் பார்க்காமல் நடக்கிறது. கிணற்றுக்குள் சிமெண்டு இறக்கி அடைக்கிறார்கள். எஃகுக் கால்களைக் கடலடி மண்ணுக்குக் கீழே அறுத்து எடுக்கிறார்கள். சில சமயம் அப்படியே விட்டு மீனுக்கு வீடாக்குகிறார்கள்: சரவாக் கடலில் 1975-ல் சரிந்த பாரம் 8 மேடை 2004-ல் செயற்கைப் பவளத்திட்டானது. மலேசியக் கடலில் வயதான மேடைகள் பல இப்போது அந்த நாளை நெருங்கிக்கொண்டிருக்கின்றன. ஒவ்வொரு கிணற்றை அடைக்கும்போதும் எவ்வளவு இரும்பை எடுத்தோம், எவ்வளவு சிமெண்டை விட்டோம் என்று படிவம் நிரப்ப வேண்டியிருக்கிறது. அந்தப் படிவத்திலேயே இன்னும் இரண்டு வரி சேர்க்க இடமிருக்கும்: இந்தக் கிணற்றிலிருந்து வந்தது எவ்வளவு, அதற்கு ஈடாகப் பட்டியில் நிற்பது எது. கோலா தெர்லாவில் அரை மெகாவாட் அளவுக்கு ஒரு சிறிய நீர்மின் நிலையம் இருக்கிறது. ஆற்றில் தண்ணீர் ஓடும்வரை அது ஓடும். அதையும் ஓர் ஆடாகக் கணக்கில் எழுதலாம், மலையை வெட்டிச் சரியவிட்டு ஆற்றைச் சேறாக்காமல் இருந்தால்.